பனி அள்ளும் நேரத்தில் வரைந்த கை

“வாசல்ல பனி இடுப்பளவு ஏறிடுச்சு. அள்ளிப் போட்டுட்டு இருபது நிமிஷத்துல வந்துடறேன்” என்று சொல்லிவிட்டு இபுகி எழுந்து போன சத்தம் கயோகோவுக்குத் தெளிவாகவே கேட்டது. நாற்காலி பின்னால் நகர்ந்தது, காலுறை போட்ட பாதங்கள் மரத்தரையில் தேய்ந்தன, இழுப்புக் கதவு திறந்து மூடியது. கொஞ்ச நேரம் கழித்து, சுவருக்கு அப்பால் எங்கோ, தகர மண்வாரி பனிக்குள் இறங்கும் சத்தமும் பக்கத்து வீட்டுக்காரரிடம் இபுகி ஏதோ சொல்லிச் சிரிப்பதும் மெலிதாக வந்தன. எல்லாம் சரிதான். ஆனால் கயோகோவின் வீடியோ கால் திரையின் மேல் மூலையில், இபுகியின் பெயர் போட்ட சின்னச் சதுரத்தில், கை வரைந்துகொண்டிருந்தது.

கயோகோ தன் பேனாவை வைத்துவிட்டுத் திரைக்கு அருகில் குனிந்தாள். வலது கை. பேனாவை நுனியில் பிடிக்காமல் சற்று மேலே தளர்வாகப் பிடித்து, மணிக்கட்டை அசைக்காமல் நீளமாகக் கோடு இழுத்தது. கண்ணாடிப் பலகையில் பேனா முனை உராயும் சத்தம், காய்ந்த இலையை யாரோ நகத்தால் கீறுவதுபோல, சரக், சரக், சரக் என்று சீராக வந்தது. அதற்குப் பின்னால், வெளியே, மண்வாரி. இபுகியின் சிரிப்பு.

பயந்திருக்க வேண்டும். ஆனால் கயோகோவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது வயிற்றெரிச்சல்தான். இவள் எழுந்து போனால்கூட இவள் வேலை நடக்கிறதே என்று நினைத்தாள்.

அவர்களுடைய அனிமே ஸ்டூடியோ தோக்கியோவில், நெரிமாவில் இருந்தது. தொற்றுக் காலத்துக்குப் பிறகு திங்களும் வியாழனும் மட்டும் அலுவலகம், மற்ற நாட்களில் வீட்டிலிருந்து வேலை என்று ஆகிவிட்டது. தனிமை தெரியாமல் இருக்கக் காலை பத்திலிருந்து மாலை ஏழு வரை ஒரு வீடியோ கால் திறந்தே கிடக்கும். முகத்தைக் காட்டினால் கூச்சமாக இருக்கிறது என்று எல்லோரும் கேமராவை வரைபலகைக்கு மேலே மாட்டிக் கையை மட்டும் காட்டுவார்கள். பதினொரு சதுரங்கள், பதினொரு கைகள். மற்றவர்கள் ஒலியைக் குறைத்துவிட்டுப் பாட்டுக் கேட்டுக்கொண்டு வரைவார்கள். கயோகோ மட்டும் இபுகியின் ஒலியைக் கூட்டி வைத்திருப்பாள். அவள் எப்போது பெருமூச்சு விடுகிறாள், எப்போது அழிக்கிறாள் என்று கேட்பதற்காக. மூன்று வருடத்தில் ஒரு தடவைகூட அழிக்கும் சத்தம் வந்ததில்லை.

கயோகோ தொகானோவுக்கு நாற்பத்து மூன்று வயது. ஸ்டூடியோவில் சேர்ந்து இருபத்தொரு வருடம். மற்றவர்கள் வரைந்து அனுப்பும் படங்களைத் திருத்துவது அவள் பொறுப்பு. மூக்கு கோணினால் நேராக்குவாள், தோள் தாழ்ந்தால் ஏற்றுவாள். இபுகி நவாதேக்கு இருபத்தாறு. பனிப் பிரதேசமான நீகாதாவில், தோகாமாச்சியில் ஒரு பழைய வீட்டில் இருந்துகொண்டு முழுக்க முழுக்க அங்கிருந்தே வேலை செய்பவள். நெரிமா அலுவலகத்தின் படியைக்கூட மிதித்ததில்லை. அவள் படங்களில் திருத்த ஒன்றும் இருக்காது.

போன மாதம் ஒரு பெண் ஈர மெத்தையைத் தூக்கிக் கொடியில் போடும் ஷாட் இபுகியிடமிருந்து வந்தபோது, இயக்குநர் ஒபுச்சி அதைப் பெரிய திரையில் நாலு தடவை ஓட்டிப் பார்த்தார். “இந்தக் கைக்கு எடை தெரியுதுப்பா” என்றார். பிறகு கயோகோ பக்கம் திரும்பி, பெயரோடு மரியாதைக்குச் ‘சான்’ சேர்த்து, “தொகானோ சான், உங்களைச் சும்மா உட்கார வைக்காம விடமாட்டா போலிருக்கே இந்தப் பொண்ணு!” என்று சிரித்தார். எல்லோரும் சிரித்தார்கள். கயோகோவும் சிரித்தாள். இபுகியின் சதுரத்திலிருந்து அவசரமாக ஒரு குரல் வந்தது: “அது நான் இல்லைங்க. என்னைச் சொல்லாதீங்க.” எப்போது பாராட்டினாலும் இதேதான். என்ன பணிவு என்று மற்றவர்கள் மெச்சினார்கள். என்ன நடிப்பு என்று கயோகோ பல்லைக் கடித்தாள்.

அதற்குப் பிறகு அவள் இபுகியின் நல்ல படங்களைக் கெடுக்க ஆரம்பித்தாள். தேவையில்லாத இடத்தில் கோட்டைத் தடிப்பாக்குவாள், சரியாக வளைந்த கழுத்தை நிமிர்த்துவாள். படங்களை ஒவ்வொருவரிடமும் வாங்கி அனுப்பும் ஹசுமி ஒருநாள் தயங்கித் தயங்கி, “தொகானோ சான், திருத்தறதுக்கு முன்னாடி இருந்ததே நல்லா இருந்த மாதிரி…” என்று இழுத்தபோது, “உனக்கு என்ன தெரியும்?” என்று வெடுக்கென்று கேட்டுவிட்டாள்.

இப்போது அந்தச் சதுரத்தைப் பார்த்தபடி கயோகோவுக்கு ஒரு சந்தோஷம்கூட வந்தது. ஆள் வைத்து வரைகிறாள். அகப்பட்டுக்கொண்டாள்.

மறுநாள் புதன். மதியம் எல்லோரும் சாப்பிடப் போயிருந்தார்கள். சதுரங்களில் வெறும் பலகைகள். இபுகி பனி அள்ளப் போனாள். கை வரைந்துகொண்டிருந்தது.

கயோகோ திரையைப் பதிவுசெய்தாள். ஐந்து நிமிடம். பதிவை நிறுத்தி ஓட்டிப் பார்த்தாள். பதிவில் இபுகியின் பலகை இருந்தது, விளக்கு வெளிச்சம் இருந்தது, பேனா பலகைமேல் குறுக்கே கிடந்தது. கை இல்லை. ஐந்து நிமிடமும் இல்லை. நிமிர்ந்து சதுரத்தைப் பார்த்தாள். சரக், சரக், சரக். இபுகி எப்போதும் சிவப்புக் கம்பளிச் சட்டையின் கையை மணிக்கட்டுவரை இழுத்துவிட்டிருப்பாள். இந்தக் கைக்குச் சட்டை இல்லை. மணிக்கட்டுக்கு அப்பால் வெளிச்சம் எட்டாத இடத்தில் அது எங்கே போய்ச் சேர்கிறது என்று தெரியவில்லை.

சமையலறையில் குளிர்சாதனப் பெட்டியின் உறுமல் நின்று போயிற்று. அடுப்பிலிருந்து மிசோ சூப் வாசனை லேசாகக் கருகி வந்தது. எழுந்து போய் அடுப்பை அணைத்திருக்கலாம், வீடியோ காலையும் அணைத்திருக்கலாம். ஆனால் திரையில் அந்தக் கை ஒரு கிழவனின் முதுகை ஒரே இழுப்பில் வரைந்து முடித்தது. ஒரே இழுப்பு. அதில் அந்தக் கிழவனின் களைப்பு முழுவதும் இருந்தது. இருபத்தொரு வருடம் வேண்டிக் கிடந்தும் கயோகோவுக்குக் கைகூடாத ஒரு கோடு.

ஒலிவாங்கியைத் திறந்தாள்.

“நீங்க யாருன்னு நான் கேக்கல” என்றாள். “அவளுக்கு எதுக்கு வரையறீங்க? அவளுக்கு இன்னும் எவ்வளவோ காலம் இருக்கு. எனக்கு இல்ல. எங்கிட்ட வாங்க.”

சத்தம் நின்றது.

கை பேனாவைப் பலகையின் ஓரத்தில் நேராக வைத்தது. விரல்களை ஒருமுறை விரித்தது. பிறகு மெல்ல மேலே எழும்பி, கேமராவை நோக்கி வந்தது. உள்ளங்கை சதுரம் முழுவதையும் அடைத்தது. அதில் ரேகைகள் இல்லை. அப்புறம் இருட்டு.

தொலைவில் மண்வாரி சத்தம் நின்று, கதவு இழுபட்டது. “வந்துட்டேன்” என்றாள் இபுகி.

வியாழன் அலுவலகம். ஒன்றும் நடக்கவில்லை.

வெள்ளிக்கிழமை காலை கயோகோ சமையலறையில் அரிசி கழுவிக்கொண்டிருந்தாள். குளிர்ந்த தண்ணீரில் இரண்டு கையும் முழங்கைவரை சிவந்திருந்தன. ஜன்னலுக்கு வெளியே எதிர்வீட்டு மாடியில் யாரோ போர்வையைத் தட்டித் தூசு உதறும் சத்தம். அது ஓய்ந்ததும் உள்ளறையிலிருந்து மெதுவாக, சீராக, காய்ந்த இலையைக் கீறுவதுபோல.

சரக். சரக். சரக்.

அவள் அசையாமல் நின்றாள். விரல் நுனிகளிலிருந்து தண்ணீர் சொட்டியது. தன்னையறியாமல் புன்னகைத்தாள்.

அறைக்குள் போனதும் சத்தம் நின்றது. யாரும் இல்லை. நாற்காலி மெத்தை சூடாக இருந்தது. திரையில் பதினான்கு படங்கள். மழையில் நனைந்து உடம்போடு ஒட்டிப்போன சட்டையைக் கழற்ற முடியாமல் திணறும் ஒரு மனிதன். துணி தோளில் ஒட்டுவதும் பிய்வதும் பார்க்கிற கண்ணுக்கே ஈரமாக இருந்தது.

திங்கட்கிழமை ஒபுச்சி அதை ஓட்டிப் பார்த்துவிட்டு நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டார். “தொகானோ சான், இது நீங்களா?”

“நான்தான்” என்றாள் கயோகோ.

சொன்ன கணத்தில் வலது சுட்டுவிரல் நுனி மரத்துப்போயிற்று. குளிர் என்று நினைத்துக்கொண்டாள்.

அன்று இபுகி அனுப்பிய படங்கள் சாதாரணமாக இருந்தன. தோள் ஒரு பக்கம், கழுத்து ஒரு பக்கம். கயோகோ ஒவ்வொன்றின் மேலும் சிவப்பில் ரீடேக், மறுபடி வரை, என்று எழுதினாள். எழுத எழுத இனித்தது.

செவ்வாய்க்கிழமை இபுகியே தொலைபேசியில் அழைத்தாள். “சென்பை” என்றாள், தன்னைவிட மூத்தவர்களை அவள் அப்படித்தான் கூப்பிடுவாள். “அங்க வந்துடுச்சா?”

“எது?”

மறுமுனையில் நீண்ட மூச்சு. “வந்துடுச்சு. உங்க குரல்லயே தெரியுது.” வாயில் எதையோ மொறுமொறுவென்று மென்றுகொண்டே பேசினாள். குரல் பள்ளி விடுமுறை விட்ட பிள்ளையைப்போல லேசாக இருந்தது. “மூணு வருஷத்துக்கு அப்புறம் இப்பதான் நல்லாத் தூங்கறேன். என் கை என்கிட்டயே இருக்கு. மோசமாத்தான் வரையுது, ஆனா என் கை.”

அந்த நிம்மதியின் மேலும் கயோகோவுக்குப் பொறாமை வந்தது.

“ஒண்ணு மட்டும் சொல்லணும், அதான் கூப்பிட்டேன்” என்றாள் இபுகி. மெல்வதை நிறுத்தியிருந்தாள். “யாராவது நல்லா இருக்குன்னு சொன்னா, நான் இல்லைன்னு சொல்லிடுங்க. ஒவ்வொரு தடவையும். என்னுதுன்னு மட்டும் சொல்லாதீங்க. நீங்க அதை எடுத்துக்கிட்டா, அது உங்களை எடுத்துக்கும்.”

“திரும்ப வேணும்னா நேரா கேளு நவாதே. பயமுறுத்திப் பாக்காத.”

“வேணாம் சென்பை.” அவள் அவசரமாகச் சொன்னாள். “சத்தியமா வேணாம்.”

கயோகோ தொலைபேசியை வைத்துவிட்டாள்.

ஆனாலும் அடுத்த வியாழக்கிழமை அந்த வார்த்தை நினைவுக்கு வந்தது. அதற்குள் இரண்டு விரல்கள் மரத்திருந்தன. சாப்பாட்டுக் குச்சி பிடிக்க முடியவில்லை. மருத்துவர் நரம்பு என்று சொல்லி மாத்திரை கொடுத்திருந்தார். ஒபுச்சி புதிய ஷாட்டைப் பார்த்துவிட்டு, “தொகானோ சான், இவ்வளவு நாள் இதை எங்க ஒளிச்சு வச்சிருந்தீங்க?” என்று கேட்டபோது, அவள் தயங்கினாள். “இல்ல, அது வந்து… நான் இல்ல…”

“பின்ன யாரு? நவாதேயா?” என்று ஒபுச்சி உற்சாகமாகத் திரையில் இருந்த இபுகியின் சதுரத்தின் பக்கம் திரும்பினார். “அதானே பாத்தேன்!”

“நான்தான்!” கயோகோ கத்தியே விட்டாள். “ஒவ்வொரு கோடும் என்னுது. நான் வரைஞ்சது.”

முழங்கைவரை குளிர் ஏறிற்று. ஊசி போட்டதுபோல, ஒரே மூச்சில்.

வெள்ளிக்கிழமை வீடியோ காலில் தன் சதுரத்தைப் பார்த்தாள். சமையலறையில் நின்றபடி, போனில். இத்தனை நாளும் அதில் மணிக்கட்டுவரைதான் தெரிந்தது. இன்று முழங்கை தெரிந்தது. அவள் கேமராவை நகர்த்தவே இல்லை. முழங்கைக்கு உள்பக்கம், சிறுவயதில் சுட்டுக்கொண்ட தழும்பு. அவளுடைய தழும்பு. தன் சட்டையை மேலே சுருட்டிப் பார்த்தாள். தழும்பு இருந்த இடத்தில் தோல் வழவழவென்று, புதுக் காகிதம்போல இருந்தது.

ஓடிப்போய் நாற்காலியில் உட்கார்ந்தாள். தானே வரையப் பார்த்தாள். இடது கையில் பேனா நடுங்கியது. கோணல் கோடு. பக்கத்தில் அது வரைந்து வைத்த முகம், உயிரோடு, அவளை இளப்பமாகப் பார்ப்பதுபோல இருந்தது. இப்போது அவளுக்கு இபுகியின் மேல் பொறாமை இல்லை. இந்தக் கையின் மேல் பொறாமை. தன் பெயரில் வந்த பாராட்டு முழுவதையும் அதனிடமிருந்து பிடுங்கிக்கொள்ள வேண்டும்போல இருந்தது.

கேமராவின் கம்பியைப் பிடுங்கினாள். போனில் சதுரம் அணையவில்லை.

சரக்.

கம்பளிக் கோட்டை மாட்டிக்கொண்டு வெளியே வந்தாள். ஷகுஜீ குளக்கரையில் நாய்களோடு நடப்பவர்களும் குழந்தை வண்டி தள்ளுபவர்களும் வெயிலில் போய்க்கொண்டிருந்தார்கள். நல்ல வெயில். பெஞ்சில் உட்கார்ந்து போனைத் திறந்தாள். பார்க்க வேண்டாம் என்று நினைத்துக்கொண்டே திறந்தாள். தோள் தெரிந்தது. தோளின் மேல் கொஞ்சம் முடி. அது பலகையை நோக்கி இன்னும் குனிந்திருந்தது. வீடியோ காலில் யாரோ, “தொகானோ சான் இன்னிக்கு நல்ல வேகம்” என்றார்கள். இன்னொருவர், “சாப்பிடவாவது எந்திரிங்க!” என்று கேலி செய்தார்.

அவள் வலது தோளைத் தொட்டுப் பார்த்தாள். கோட்டுக்குள் தோள் இருந்தது. தொடுவது மட்டும் தெரியவில்லை.

திங்கட்கிழமை உடம்பு சரியில்லை என்று விடுப்பு சொன்னாள். தொலைபேசியை எடுத்த ஹசுமி, “அப்படியா? வீடியோ கால்ல வரைஞ்சுகிட்டுதானே இருக்கீங்க?” என்று சிரித்தாள்.

வியாழக்கிழமை காலை அவள் முடிவு செய்தாள். எல்லோர் முன்னாலும் போய் நிற்க வேண்டும். நான் இல்லை என்று சொல்லிவிட வேண்டும். எல்லாவற்றையும், ஒவ்வொரு ஷாட்டையும், நான் இல்லை.

முகக்கவசம் போட்டுக்கொண்டு, இடது கையால் கைப்பிடியைப் பிடித்தபடி ரயிலில் நின்றாள். உதடுகள் வறண்டிருந்தன, பிறகு வறட்சியும் தெரியவில்லை. ஸ்டூடியோ வாசலில் ஒற்றைக் கையால் காலணியைக் கழற்றினாள். மேசைகளில் யாரும் இல்லை. ஹீட்டரின் வெக்கையும் காபி வாசனையும். எல்லோரும் கூட்ட அறையில், அவளுக்கு முதுகைக் காட்டி, பெரிய திரையின் முன்னால் நின்றார்கள்.

திரையில் அவளுடைய அறை. அவளுடைய சதுரத்தைப் பெரிதாக்கியிருந்தார்கள். கை, தோள், குனிந்த தலையின் உச்சி. வரைந்துகொண்டிருந்தது.

“நேர்ல வருவீங்கன்னு பாத்தோம் தொகானோ சான். பரவாயில்ல, அப்படியே கேளுங்க” என்றார் ஒபுச்சி. “அடுத்த படம் முழுக்க ஓவியத் தலைமை நீங்கதான். இருபத்தொரு வருஷம். இந்தப் பாராட்டு முழுக்க உங்களுக்கு.”

கைதட்டினார்கள்.

நான் இங்கே இருக்கிறேன் என்று சொல்ல வாயெடுத்தாள். நான் இல்லை என்று சொல்ல வாயெடுத்தாள். வாய் வரவில்லை.

ஒலிபெருக்கியில் அவளுடைய குரல் கேட்டது. “ரொம்ப நன்றி. எல்லாம் என்னுதுதான்.”

ஓரத்தில் இபுகியின் சதுரம் சட்டென்று இருண்டது. வீடியோ காலிலிருந்து அவள் வெளியேறியிருந்தாள்.

“முகத்தைக் காட்டுங்களேன்!” என்றாள் ஹசுமி. “இன்னிக்காவது லிப்ஸ்டிக் போட்டிருக்கீங்களான்னு பாப்போம்!”

சிரிப்பு.

திரையில் பேனா ஓரத்தில் நேராக வைக்கப்பட்டது. தலை எழும்பியது. மெதுவாக. முடி. நெற்றி.

கயோகோவின் நெற்றி மரத்தது.

புருவம். கண்கள்.

கண்ணைச் சுற்றிலும் குளிர்.

மூக்கு. கன்னம். கடைசியில் வாய். அவளுடைய வாய். அது புன்னகைத்தது, அவள் ஒருநாளும் அத்தனை அழகாகப் புன்னகைத்ததில்லை. எல்லோரும் திரையை நோக்கித் தலைகுனிந்து வணங்கினார்கள்.

முகக்கவசம் நழுவியது. அதன் நாடாக்களைத் தாங்க ஒன்றும் இல்லை. தரையில் விழுந்தது.

அந்த மெல்லிய சத்தத்துக்கு ஹசுமி மட்டும் திரும்பினாள். சிரிப்பு இன்னும் உதட்டில் இருந்தது. “யாரு…” என்று ஆரம்பித்தாள். கதவருகில் கோட்டோடு நின்ற உருவத்தின் முகத்தில் எங்கே பார்ப்பது என்று தெரியாமல், அவள் கண்கள் மேலும் கீழும், இடமும் வலமும் தேடிக்கொண்டே இருந்தன.